மீத்தேன்: திரும்பத் திரும்பக் கேட்கப்படும் கேள்விகளும் பதில்களும்

பூமியைச் சூடாக்கும் வாயுக்களில் ஒன்றான மீத்தேன் பற்றிப் பேச்செடுத்தால் வரும் சந்தேகங்கள் பெரும்பாலும் ஒரே மாதிரி இருக்கின்றன. கேட்டவர்களின் வார்த்தைகளிலேயே அவற்றை இங்கே தொகுத்திருக்கிறோம். எளியவை முதலில் வருகின்றன, போகப் போகச் சிக்கலானவை. ஒருமுறை சொன்னதைத் திரும்பச் சொல்லாமல் கேள்வி எண்ணை மட்டும் காட்டியிருக்கிறோம்.

1. மீத்தேன்னா என்ன? சிலிண்டர்ல வர்ற சமையல் கேஸ்தானே?

இல்லை. சிலிண்டரில் வரும் எல்பிஜி பெரும்பாலும் புரோப்பேனும் பியூட்டேனும் கலந்தது. மீத்தேன் என்பது ஒரு கார்பன் அணுவோடு நான்கு ஹைட்ரஜன் அணுக்கள் சேர்ந்த வாயு. குழாய்வழி வரும் இயற்கை எரிவாயு, வண்டிக்கு நிரப்பும் சிஎன்ஜி, சாண எரிவாயு ஆகியவற்றில் எரிவது முக்கியமாக இதுதான். 1776-இல் வோல்ட்டா என்ற இத்தாலிய விஞ்ஞானி மஜோரே ஏரிக்கரைச் சேற்றிலிருந்து எழுந்த குமிழ்களைப் பிடித்து எரித்துக் காட்டினார். அந்தக் குமிழ்களில் இருந்ததும் மீத்தேன்தான்.

இதற்கு நிறமும் கிடையாது, மணமும் கிடையாது. வீட்டுக் குழாய் எரிவாயுவில் நாற்றம் வருவது, கசிந்தால் தெரியட்டும் என்று கந்தகச் சேர்மங்களைக் கலப்பதால். எரிவாயுக் கிணற்றடியில் கசியும் வாயுவில் அப்படி எதுவும் கலக்கப்பட்டிருக்காது. அதனால் பக்கத்தில் வேலை செய்பவருக்கே கசிவு தெரியாமல் போவது சகஜம்.

2. கார்பன் டை ஆக்சைடுதானே முக்கியம்? இதைப் பத்தி ஏன் இவ்வளவு பேச்சு?

ஐநாவின் காலநிலை அறிவியல் குழுவான ஐபிசிசியின் ஆறாவது மதிப்பீட்டின்படி, 1850–1900 காலத்தோடு ஒப்பிட்டால் 2010–2019-க்குள் கார்பன் டை ஆக்சைடு கூட்டிய வெப்பம் சுமார் 0.8 டிகிரி செல்சியஸ். மீத்தேன் வெளியேற்றம் கூட்டியது சுமார் 0.5 டிகிரி. இரண்டாம் இடம்தான், ஆனால் சின்ன இரண்டாம் இடம் இல்லை.

காற்றில் இதன் அளவை நூறு கோடியில் எத்தனை பங்கு என்று அளப்பார்கள். 1750 வாக்கில் அது 730-ஐ ஒட்டி இருந்தது. இப்போது 1,900-ஐத் தாண்டிவிட்டது. அண்டார்டிகப் பனியில் சிக்கிய காற்றுக் குமிழ்கள் எட்டு லட்சம் ஆண்டு வரலாற்றைச் சொல்கின்றன. தொழிற்புரட்சிக்கு முன் அந்தக் காலம் முழுவதிலும் அளவு 350-க்கும் 800-க்கும் இடையில்தான் ஏறி இறங்கியது.

3. சிலர் 28 மடங்கு மோசம்கிறாங்க, சிலர் 80 மடங்குங்கிறாங்க. எது சரி?

இரண்டும் சரி. கணக்குப் பார்க்கும் காலம்தான் வேறு. ஒரு டன் மீத்தேனையும் ஒரு டன் கார்பன் டை ஆக்சைடையும் ஒரே நாளில் விட்டு, அடுத்த 20 ஆண்டுகளில் எது எவ்வளவு வெப்பத்தைப் பிடித்தது என்று பார்த்தால் மீத்தேன் சுமார் 80 மடங்கு. 100 ஆண்டுகளுக்குப் பார்த்தால் 27 முதல் 30 மடங்கு. மீத்தேன் சீக்கிரம் அழிவதால் காலம் நீள நீள அதன் சராசரி இறங்குகிறது.

100 ஆண்டுக் கணக்கிலேயே இரண்டு எண்கள் உண்டு. நிலத்தடி எரிபொருளிலிருந்து வந்த மீத்தேனுக்கு 29.8, மாடு, வயல், குப்பையிலிருந்து வந்ததற்கு 27. நிலத்தடியிலிருந்து வந்தது கடைசியில் காற்றுக்குப் புதிதான கார்பன் டை ஆக்சைடாக மாறும். செடியிலிருந்து வந்த கார்பன் ஏற்கெனவே காற்றில் இருந்ததுதான். எந்த அறிக்கையைப் படித்தாலும் எத்தனை ஆண்டுக் கணக்கு என்பதை முதலில் பாருங்கள். அதைச் சொல்லாமல் விட்ட எண்ணை வைத்து எதையும் ஒப்பிட முடியாது.

4. பன்னிரண்டு வருஷத்துல தானா போயிடும்னா அப்புறம் என்ன கவலை?

காற்றில் இருக்கும் ஹைட்ராக்சில் என்ற வினைத்துணுக்குதான் மீத்தேனில் பெரும்பகுதியை அழிக்கிறது. மண்ணில் மீத்தேனைத் தின்னும் பாக்டீரியாக்கள் கொஞ்சம் எடுத்துக்கொள்கின்றன. 12 ஆண்டு என்பது சராசரி ஆயுள். பன்னிரண்டாம் ஆண்டு முடிவில் மூன்றில் ஒரு பங்குக்கும் சற்று அதிகமாக மிச்சம் இருக்கும்.

ஒரு பக்கம் வடிந்துகொண்டே இருக்கும் தொட்டியில் வடிவதைவிட வேகமாக ஊற்றினால் மட்டம் ஏறத்தான் செய்யும். ஆண்டுக்குச் சுமார் 60 கோடி டன் மீத்தேன் காற்றில் சேர்கிறது, அழிவது அதைவிடச் சற்றுக் குறைவு. நல்ல செய்தியும் இதே கணக்கில் இருக்கிறது. ஊற்றுவதைக் குறைத்தால் பத்து, இருபது ஆண்டுகளுக்குள் மட்டமே இறங்கும். கார்பன் டை ஆக்சைடில் இது நடக்காது. அங்கே வெளியேற்றத்தை நிறுத்தினாலும் ஏற்கெனவே சேர்ந்ததில் ஒரு பெரும்பங்கு நூற்றாண்டுகளுக்குக் கிடக்கும். இன்று வாழ்பவர்கள் தங்கள் காலத்திலேயே பலன் பார்க்கக்கூடிய வேலை இது. இதைத் தள்ளிப்போடுவதற்கு நியாயமே இல்லை என்பது எங்கள் கருத்து.

5. இவ்வளவும் எங்கேர்ந்து வருது?

சுமார் அறுபது சதவீதம் மனிதச் செயல்களால். மீதி இயற்கையிலிருந்து, அதிலும் பெரும்பகுதி சதுப்பு நிலங்களிலிருந்து. மனிதப் பங்கை மட்டும் பிரித்தால் விவசாயம் ஏறக்குறைய 40 சதவீதம் (அதில் கால்நடை பெரிது, நெல் சிறிது), நிலக்கரி, எண்ணெய், எரிவாயு 35, குப்பையும் கழிவுநீரும் 20.

6. மாடு ஏப்பம் விட்டா உலகம் சூடாகுமா? நம்பவே முடியலையே.

ஒரு மாட்டை வைத்துப் பார்த்தால் நம்ப முடியாதுதான். அசைபோடும் விலங்கின் முதல் இரைப்பையில் ஆக்சிஜன் இல்லை. புல்லின் நாரை நுண்ணுயிர்கள் நொதிக்க வைக்கும்போது ஹைட்ரஜன் உருவாகிறது. அதைக் கார்பன் டை ஆக்சைடோடு சேர்த்து மீத்தேனாக்கும் நுண்ணுயிர்கள் அங்கேயே வாழ்கின்றன. வாயுவில் பெரும்பங்கு வாய்வழி ஏப்பமாகத்தான் வெளியேறும், பின்வழி போவது சொற்பம். ஒரு மாடு இனம், தீவனம், பாலளவைப் பொறுத்து ஆண்டுக்கு 70 முதல் 120 கிலோ வரை விடுகிறது. உலகில் மாடுகள் நூறு கோடிக்கு மேல்.

இது மாட்டுக்காரருக்கும் நட்டம். தீவனத்தில் உள்ள ஆற்றலில் சுமார் 6 சதவீதம் இப்படி வீணாகிறது. செரிமானம் எளிதான தீவனம், நோயில்லாத உடல், கன்று ஈனும் இடைவெளியைக் குறைப்பது ஆகியவை லிட்டர் பாலுக்கு வரும் மீத்தேனைக் குறைக்கும். 3-என்ஓபி என்ற தீவனச் சேர்க்கை கறவை மாடுகளில் சுமார் 30 சதவீதம் குறைக்கிறது. ஆனால் ஒவ்வொரு வேளைத் தீவனத்திலும் அது இருக்க வேண்டும், அதனால் மேய்ச்சலுக்குப் போகும் மாட்டுக்குக் கொடுப்பது கடினம். அஸ்பராகாப்ஸிஸ் என்ற சிவப்புக் கடற்பாசி சில சோதனைகளில் 80 சதவீதம் வரை குறைத்திருக்கிறது. அதில் வேலை செய்யும் புரோமோஃபார்ம் சேமிப்பில் ஆவியாகிக் குறைந்துபோகும்.

7. நெல் பயிர்தானே, பச்சைதானே? அது எப்படிக் கெடுதல் பண்ணும்?

நெல்லின் குற்றம் இல்லை, தேங்கிய தண்ணீரின் வேலை. வயலில் நீர் நின்றால் மண்ணுக்குள் ஆக்சிஜன் போவது நின்றுவிடும். சில நாட்களில் மண்ணில் மிச்சம் இருந்த ஆக்சிஜனும் தீர்ந்து, கேள்வி 6-இல் சொன்ன அதே வகை நுண்ணுயிர்கள் வைக்கோல், வேர்க்கசிவு முதலியவற்றிலிருந்து மீத்தேன் தயாரிக்கத் தொடங்கும். நெல்லின் தண்டுக்குள் வேருக்குக் காற்று கொண்டுபோகும் நுண்குழாய்கள் உண்டு. மீத்தேனில் பெரும்பகுதி அதே வழியாக மேலே வந்துவிடுகிறது.

நடவுக்குக் கொஞ்சம் முன்பு பச்சை வைக்கோலை மடக்கி உழுது உடனே தண்ணீர் கட்டினால் அளவு எகிறும். அதே வைக்கோலை 30 நாளுக்கு மேல் முன்னதாக, மண் காய்ந்திருக்கும்போது மடக்கினாலோ மக்கவைத்துப் போட்டாலோ வெகுவாகக் குறையும்.

8. தண்ணியைக் காயவிட்டா விளைச்சல் அடிபடாதா?

முறையாகச் செய்தால் அடிபடாது. இதற்குக் காய்ச்சலும் பாய்ச்சலும் என்று பெயர். வயலைப் பாளம் பாளமாக வெடிக்கவிடும் முறை என்று பலர் நினைத்துக்கொள்கிறார்கள். அந்த அளவுக்குக் காயவிட்டால் மகசூல் குறையும். எல்லை 15 செ.மீ. மண் மட்டத்துக்குக் கீழே நீர் அந்த ஆழத்துக்கு இறங்கும்வரை வேருக்குத் தண்ணீர் எட்டும்.

அதைப் பார்க்க ஒரு குழாய் வேண்டும். 30 செ.மீ. நீளம், 10 முதல் 15 செ.மீ. விட்டம் உள்ள பிளாஸ்டிக் குழாயோ மூங்கிலோ போதும். மண்ணுக்குள் போகும் பாதியில் சுற்றிலும் துளைகள் போட்டு, 15 செ.மீ. வெளியே தெரியும்படி இறக்குங்கள். வரப்போரத்தில் எளிதாகப் போய்ப் பார்க்கும் இடமாகவும், வயலின் சராசரி மட்டத்தில் இருக்கும் இடமாகவும் தேர்ந்தெடுங்கள். உள்ளே இருக்கும் மண்ணை அள்ளிவிட வேண்டும். தண்ணீர் கட்டியபின் குழாய்க்குள்ளும் வெளியேயும் மட்டம் ஒன்றாக இருக்கிறதா என்று பாருங்கள். சில மணி நேரம் கழித்தும் வித்தியாசம் இருந்தால் துளைகளைச் சேறு அடைத்திருக்கும், எடுத்துக் கழுவி மறுபடி இறக்குங்கள். நட்டு ஒன்று, இரண்டு வாரம் கழித்துத் தொடங்கலாம். நீர் 15 செ.மீ. கீழே இறங்கியதும் 5 செ.மீ. உயரத்துக்குப் பாய்ச்சி, மறுபடி இறங்கவிட வேண்டும். பூக்கும் பருவத்துக்கு ஒரு வாரம் முன்னும் பின்னும் மட்டும் காயவிடவே கூடாது. அப்போது நீர் குறைந்தால் பதர் கூடும்.

தவறுவது பெரும்பாலும் இரண்டு இடங்களில். ஒன்று களை. நிற்கும் தண்ணீர் களையை அடக்குகிறது, அது இல்லாதபோது களை முந்திக்கொள்ளும். களை மிகுந்த வயலில் இரண்டு, மூன்று வாரம் தள்ளித் தொடங்குவது நல்லது. இன்னொன்று யூரியா. மண் காய்ந்து நனையும்போது அதிலிருந்து நைட்ரஸ் ஆக்சைடு என்ற, பூமியைச் சூடாக்கும் இன்னொரு வாயு வெளிவரும். 100 ஆண்டுக் கணக்கில் அது கார்பன் டை ஆக்சைடைப்போல் 273 மடங்கு. தழைச்சத்தை அளவோடு, பாய்ச்சலுக்குச் சற்று முன் உலர்ந்த மண்ணில் இட்டால் இந்த இழப்பு குறையும். அள்ளிக் கொட்டினால் மீத்தேனில் மிச்சப்படுத்தியதில் ஒரு பகுதியை இது தின்றுவிடும். சரியாக நடந்தால் மீத்தேன் ஏறக்குறைய பாதியாகும், பாசன நீர் 30 சதவீதம் வரை மிச்சம்.

9. குப்பை மேடு அடிக்கடி தீப்பிடிக்குதே, அதுக்கும் மீத்தேனுக்கும் சம்பந்தம் உண்டா?

உண்டு. புதைந்த சோறு, காய்கறி, காகிதம் எல்லாம் காற்றில்லாமல் மக்கும்போது வரும் வாயுவில் ஏறக்குறைய பாதி மீத்தேன். காற்றில் அது 5 முதல் 15 சதவீதம் கலந்தால் ஒரு பொறி போதும், வெடிக்கும். அதைவிட அதிகமாக இருந்தால் ஆக்சிஜன் போதாமல் எரியாது. ஆனால் மேட்டைக் கிளறினால் கலவை அந்த எல்லைக்குள் வந்துவிடும்.

மேட்டுக்குள் துளைக்குழாய்கள் இறக்கி வாயுவை உறிஞ்சி எரிப்பதோ மின்சாரம் எடுப்பதோ வழக்கமான தீர்வு. உறிஞ்சும் வேகம் கூடினால் மேற்பரப்பு விரிசல் வழியாக வெளிக்காற்று உள்ளே போய் நிலத்தடித் தீ பிடிக்கும். குழாய் வாயுவில் ஆக்சிஜனோ வெப்பநிலையோ ஏறினால் உடனே வேகத்தைக் குறைக்க வேண்டும். உணவுக் கழிவு வேகமாக மக்குவதால், குழாய் இறக்குவதற்கு முன்பே அதன் மீத்தேன் கணிசமாகப் போய்விடுகிறது. ஈரக் கழிவை மேட்டுக்கே அனுப்பாமல் பிரிப்பதுதான் உறுதியான வழி. பிரித்து உரக்குவியல் போட்டாலும் அதைப் புரட்டிவிட வேண்டும், இல்லாவிட்டால் நடுப்பகுதியில் காற்றில்லாமல் அங்கும் மீத்தேன் வரும்.

10. எண்ணெய், எரிவாயு வேலைல எங்கே கசியும்? வால்வை முறுக்கிவிட்டா போதாதா?

வால்வும் இணைப்பும் கசியும், ஆனால் கதை அங்கே முடியவில்லை. மின்சாரம் இல்லாத கிணறுகளில் வால்வைத் திறந்து மூட எரிவாயுவின் அழுத்தத்தையே பயன்படுத்துவார்கள். அந்தக் கருவிகள் வேலை செய்யும்போதே வாயுவை வெளியே விடும்படிதான் வடிவமைக்கப்பட்டவை. அழுத்தக் காற்றுக்கோ மின்சாரத்துக்கோ மாற்றினால் இது பூஜ்ஜியம். வாயுவை அழுத்தித் தள்ளும் கம்ப்ரஸரின் தண்டு உராயும் இடத்தில், கசியாமல் அடைக்கும் பேக்கிங் தேயத் தேயக் கசிவு கூடும். சேமிப்புத் தொட்டியின் மேல்மூடியைத் திறந்து பார்த்துவிட்டுச் சரியாக மூடாமல் விடுவது மிகச் சாதாரணமாக நடப்பது. பழுதுபார்க்கும் முன் குழாயைக் காலி செய்ய மொத்த வாயுவையும் வானத்தில் விடுவதும் உண்டு, அதை அடுத்த பகுதிக்குப் பம்ப் செய்திருக்கலாம்.

கண்டுபிடிக்க மீத்தேன் உறிஞ்சும் அலைநீளத்தைப் பார்க்கும் அகச்சிவப்புக் கேமரா பயன்படுகிறது, திரையில் கசிவு புகைபோல் தெரியும். ஆண்டுக்கு ஒருமுறை பார்த்தால் போதாது. மிகச் சில பெரிய கசிவுகள்தான் மொத்தத்தில் பெரும்பங்கு, அவை எப்போது எங்கே தொடங்கும் என்று முன்கூட்டித் தெரியாது. கலிபோர்னியாவின் அலீசோ கேன்யன் நிலத்தடி எரிவாயுச் சேமிப்பில் ஒரே ஒரு கிணறு 2015 அக்டோபரிலிருந்து 2016 பிப்ரவரி வரை விட்டது சுமார் 97,000 டன். பழுதுபார்த்தபின் அதே இடத்தை மறுபடி கேமராவில் பார்க்காமல் வேலை முடிந்ததாக எழுதக் கூடாது.

11. வெளியே விடறதுக்கு எரிச்சுடலாம்தானே?

விடுவதைவிட எரிப்பது நிச்சயம் மேல். ஒரு டன் மீத்தேன் முழுதாக எரிந்தால் 2.75 டன் கார்பன் டை ஆக்சைடு. எரிக்காமல் விட்டால் அது கேள்வி 3-இன் கணக்குப்படி 30 டன்னுக்குச் சமம், 20 ஆண்டுக் கணக்கில் 80-க்கு மேல்.

சிக்கல் சுடரில் இருக்கிறது. காற்று பலமாக அடித்தாலோ வாயுவின் தரம் மாறினாலோ பாதி எரிந்தும் எரியாமலும் போகும், சில சமயம் அணைந்தே கிடக்கும். 98 சதவீதம் எரிகிறது என்று வைத்துத்தான் கணக்கு எழுதுகிறார்கள். அமெரிக்காவின் மூன்று எண்ணெய் வயல்களில் விமானத்தில் பறந்து அளந்து 2022-இல் வெளியிட்டபோது உண்மையில் 91 சதவீதம்தான் என்று தெரிந்தது. எரியாமல் தப்புவது 2-க்குப் பதில் 9, அதாவது நான்கு மடங்குக்கு மேல். சுடர் அணைந்தால் எச்சரிக்கும் உணரியும் தானே பற்றவைக்கும் கருவியும் இல்லாத இடத்தில் 98 என்று எழுதுவது பொய்க்கணக்கு.

12. சாண எரிவாயு போட்டா பிரச்சினை தீர்ந்துடுமா?

சாணம் முன்பு எப்படிக் கிடந்தது என்பதைப் பொறுத்தது. குளம்போல் தேங்கிய சாணக்கரைசல் ஏற்கெனவே நிறைய மீத்தேன் விட்டுக்கொண்டிருக்கும், அதை மூடிப் பிடித்து எரித்தால் பெரிய லாபம். திறந்தவெளியில் காயும் சாணம் அதிகம் விடுவதில்லை. அதைக் கலனில் போட்டு வேண்டுமென்றே மீத்தேனாக்கி, பிறகு கசியவிட்டால் முன்பிருந்ததைவிட மோசம்.

ஆகவே கசிவைக் கவனியுங்கள். இணைப்புகளில் சோப்புத் தண்ணீர் தடவினால் குமிழி காட்டிக்கொடுக்கும். தீக்குச்சியை வைத்துப் பார்ப்பது உயிருக்கே ஆபத்து. உபயோகத்துக்கு மேல் வாயு சேர்ந்தால் கழிவு வாய் வழியாகவே தப்பும், அதனால் தேவைக்கேற்ற அளவில் கலன் கட்டுங்கள், மிஞ்சியதை எரித்துவிடுங்கள். வெளியே வரும் கழிவுக் கரைசலிலும் நொதித்தல் கொஞ்ச நாள் தொடரும். அதைத் திறந்த குழியில் நாள்கணக்காகத் தேக்காதீர்கள்.

13. எரிவாயு நிலக்கரியைவிடச் சுத்தம்னு சொல்றாங்களே, உண்மையா?

எரியும் இடத்தில் உண்மை. ஒரே அளவு மின்சாரத்துக்கு ஏறக்குறைய பாதி கார்பன் டை ஆக்சைடுதான். கிணற்றிலிருந்து மின்நிலையம் வரை வழியில் கசிவது 3 சதவீதத்தைத் தாண்டினால் தொடக்க ஆண்டுகளில் அந்த அனுகூலம் போய்விடுகிறது என்பது 2012-இல் வந்த ஒரு கணக்கு. அமெரிக்காவில் அளந்து 2018-இல் வெளியான ஆய்வில் சராசரி 2.3 சதவீதம், அரசின் கணக்கைவிட 60 சதவீதம் அதிகம். நிலக்கரிச் சுரங்கமும் மீத்தேன் விடும் என்பதையும் சேர்த்தே பார்க்க வேண்டும். கசிவை அளக்காமல் சுத்தம் என்று சொல்வதில் அர்த்தமில்லை.

14. நடுவுல ஏறாம நின்னுச்சாமே? அப்புறம் ஏன் மறுபடி ஏறுது?

காற்றில் மீத்தேன் அளவு 1999 முதல் 2006 வரை ஏறக்குறைய சமமாக நின்றது. 2007-இல் மறுபடி ஏறத் தொடங்கியது. 2020 முதல் 2022 வரை ஏற்றம் மிக வேகம். 2021-இல் மட்டும் நூறு கோடியில் சுமார் 18 பங்கு கூடியது. 1983-இல் அமெரிக்கக் கடல், வளிமண்டல அமைப்பு முறையாக அளக்கத் தொடங்கியதிலிருந்து அதுவே உச்சம்.

யார் காரணம் என்பதற்குக் கார்பனின் எடை ஒரு தடயம். நுண்ணுயிர்கள் தயாரிக்கும் மீத்தேனில் கார்பன்-13 என்ற சற்றுக் கனமான கார்பன் குறைவு, நிலத்தடியிலிருந்து வருவதில் அதிகம். 2007-க்குப் பின் காற்றில் உள்ள மீத்தேனில் கார்பன்-13 விகிதம் இறங்கிக்கொண்டே வருகிறது. ஆகவே கூடுதலில் பெரும்பகுதி சதுப்புநிலம், கால்நடை, குப்பை பக்கமிருந்து வருகிறது. எண்ணெயும் நிலக்கரியும் தப்பித்துவிட்டன என்று இதற்குப் பொருள் இல்லை. இரண்டும் ஒரே சமயத்தில் கூடினாலும் நுண்ணுயிர்ப் பங்கு வேகமாகக் கூடினால் சராசரி அந்தப் பக்கம்தான் சாயும். கவலைக்குரியது சதுப்புநிலம். பூமி சூடாகி மழை கூடினால் அது தானாகவே அதிகம் விடும், அதைத் திருகி மூட வால்வு கிடையாது.

15. உறைநிலம் உருகி, கடலடி மீத்தேன் எல்லாம் ஒரே நாள்ல வெளியே வந்துடுமா?

வராது. கடலடியில் பனிக்கட்டிபோல் உறைந்திருக்கும் மீத்தேனில் பெரும்பகுதி ஆழத்தில், வண்டலுக்கு அடியில் இருக்கிறது. வெப்பம் அங்கே போய்ச் சேர மிக நீண்ட காலம் ஆகும். வெளியேறுவதிலும் பெரும்பங்கைக் கடல்நீரில் உள்ள பாக்டீரியாக்கள் தின்றுவிடும். துருவ உறைநிலம் படிப்படியாகக் கார்பன் விடுவது உண்மை. அது வெடிப்பாக இல்லாமல் பல பத்தாண்டுகளுக்கு நீளும் சுமையாக இருக்கும்.

16. ஒவ்வொரு நாடும் தானே எழுதற கணக்கை எப்படி நம்பறது?

அப்படியே நம்ப முடியாது. பெரும்பாலான கணக்குகள் இத்தனை மாடு, இத்தனை கிணறு என்று எண்ணி ஒரு சராசரியால் பெருக்கி வருபவை. கேள்வி 10-இல் சொன்ன பெருங்கசிவுகள் அந்தச் சராசரிக்குள் சிக்காது.

2017-இல் ஏவிய சென்டினல்-5பி செயற்கைக்கோளில் உள்ள ட்ரோபோமி கருவி தினமும் உலகம் முழுவதையும் பார்க்கிறது. ஆனால் அதன் ஒரு புள்ளி 5.5-க்கு 7 கிலோமீட்டர். பெரும் கசிவு எந்தப் பகுதியில் என்று அது காட்டும், எந்தக் கிணறு என்று காட்டாது. அதற்கு ஜிஹெச்ஜிசாட் போன்ற நுணுக்கமான செயற்கைக்கோள்கள் உண்டு. இவையெல்லாம் பூமியில் பட்டுத் திரும்பும் வெயிலை அளப்பவை. மேகம் மூடினாலோ இரவானாலோ பயனில்லை, கடல் பரப்பிலும் கடினம். வயலும் மேய்ச்சல் நிலமும் பரந்த இடத்தில் கொஞ்சம் கொஞ்சமாக விடுவதால் அவையும் தனித்துத் தெரியாது. மேலிருந்து பார்ப்பதும் தரையில் அளப்பதும் சேர்ந்தால்தான் கணக்கு தேறும்.

17. மாட்டு எண்ணிக்கை கூடலைன்னா சூடும் கூடாதுதானே? அப்ப எங்களை ஏன் குத்தம் சொல்றீங்க?

வாதத்தில் பாதி உண்மை இருக்கிறது. வெளியேற்றம் கூடாமல் குறையாமல் அதே அளவில் இருந்தால் சேர்வதும் அழிவதும் சமமாகி மட்டம் நிற்கும், புதிதாக வெப்பம் அதிகம் சேராது. ஆனால் அந்த மந்தை ஏற்கெனவே கூட்டிய வெப்பம் அங்கேயே தங்கியிருக்கும். குறைத்தால் அந்த வெப்பத்திலும் ஒரு பகுதி இறங்கும் என்பதுதான் மற்ற பாதி. உலக மந்தை நின்றபடி இல்லை, கூடிக்கொண்டிருக்கிறது என்பதும் உண்டு. குற்றம் சொல்வது எங்கள் நோக்கம் இல்லை.

18. 2030-க்குள்ள 30 சதவீதம்னு ஒப்பந்தம் போட்டாங்களே, அதுல என்ன கிடைக்கும்?

2021 நவம்பரில் கிளாஸ்கோ மாநாட்டில் அறிவித்த உலக மீத்தேன் உறுதிமொழி அது. மனிதச் செயல்களால் வரும் உலக மொத்தத்தை 2020 அளவிலிருந்து 2030-க்குள் 30 சதவீதம் குறைப்பது இலக்கு. நிறைவேறினால் 2050 வாக்கில் சுமார் 0.2 டிகிரி வெப்பம் தவிரும். 150-க்கும் மேற்பட்ட நாடுகள் சேர்ந்திருக்கின்றன. ஆனால் இது சட்டப்படி கட்டுப்படுத்தாது. பெரிய அளவில் வெளியேற்றும் சீனா, இந்தியா, ரஷ்யா சேரவில்லை.

வெப்பம் மட்டும் இல்லை. மீத்தேன் சிதையும்போது தரையருகே ஓசோன் உருவாக உதவுகிறது. அது நுரையீரலையும் பயிரையும் கெடுக்கும். ஐநா சுற்றுச்சூழல் திட்டத்தின் 2021 மதிப்பீட்டின்படி, மனிதப் பங்கை 45 சதவீதம் குறைத்தால் ஆண்டுக்கு இரண்டரை லட்சத்துக்கும் மேற்பட்ட அகால மரணங்களும் இரண்டரைக் கோடி டன் பயிர் இழப்பும் தவிரும்.

19. மீத்தேனைக் குறைச்சு, அதைக் காட்டி கார்பன் டை ஆக்சைடு கணக்கை நேர் பண்ணிக்கலாமா?

காகிதத்தில் நேராகும், வானத்தில் ஆகாது. ஒரு டன் மீத்தேனைத் தடுத்து, அதற்கு ஈடாக 28 டன் கார்பன் டை ஆக்சைடை விட்டதாக வைத்துக்கொள்வோம். முதல் இருபது, முப்பது ஆண்டுகளில் பூமிக்கு லாபம்தான். அதன்பின் அந்த மீத்தேன் எப்படியும் அழிந்திருக்கும், 28 டன்னில் பெரும்பங்கு மட்டும் காற்றில் கிடந்து சூடாக்கிக்கொண்டே இருக்கும். உச்ச வெப்பத்தைத் தீர்மானிப்பது பெரிதும் மொத்தமாகச் சேர்ந்த கார்பன் டை ஆக்சைடுதான்.

நிறுவனமோ ஊராட்சியோ கணக்கு எழுதும்போது மீத்தேனைத் தனிப் பத்தியில் டன்னாகவே எழுதுங்கள். பக்கத்தில் 20 ஆண்டு, 100 ஆண்டு மடங்குகளைப் போட்டுக்கொள்ளலாம். எல்லாவற்றையும் ஒரே எண்ணாகக் கூட்டிவிட்டால் எது குறைந்தது, எது கூடியது என்று பிறகு பிரித்துப் பார்க்க வழியில்லை.